தேமல் போன இலுப்பை

நான் ஓய்வு பெற்ற பிறகு எங்கள் அலுவலகத்துக்குக் காற்றை அளக்கும் பெட்டிகள் வந்துவிட்டன. மாடியில் ஒரு கம்பத்தில் வெள்ளையாக மாட்டியிருக்கிறார்கள். கைப்பேசியிலேயே எண் தெரிகிறது. போன மாதம் ஒரு விழாவுக்குக் கூப்பிட்டிருந்தார்கள். சால்வை போட்டு முடித்ததும் புதிதாகச் சேர்ந்த இரண்டு பேர் ஓரமாக வந்து, "மேடம், நீங்கல்லாம் மரத்தைப் பாத்தே காத்து எப்படி இருக்குன்னு சொல்லிடுவீங்களாமே, நெஜமா?" என்றார்கள். கிளி ஜோசியத்தைப் பற்றி விசாரிக்கிற சிரிப்பு முகத்தில். எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. கோபத்தை வடையோடு சேர்த்து விழுங்கிவிட்டு, "நெஜம்தான்" என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தேன். வீட்டுக்கு வந்த பிறகு அந்த ஒரு வார்த்தை போதாது என்று பட்டது. அதனால்தான் எழுத உட்கார்ந்தேன்.

தென்னை, மா, இலுப்பை மரங்களின் பட்டையில் சாம்பலும் வெளிர்பச்சையுமாக வட்டவட்டமாகப் படர்ந்திருக்குமே, அதற்கு லைக்கன் என்று பெயர். பிரியாணியில் போடும் கல்பாசியும் அந்த வகையறாதான். பூஞ்சையும் பாசியும் ஒன்றாகக் குடித்தனம் நடத்துகிற உயிர். அதற்கு வேர் கிடையாது. மரத்திலிருந்து எதையும் உறிஞ்சாது. மழையும் பனியும் காற்றும் கொண்டுவந்து கொடுப்பதுதான் சாப்பாடு. வேண்டாததைத் தள்ளிவைக்கத் தெரியாது. நல்லது வந்தாலும் உடம்பில் சேரும், நஞ்சு வந்தாலும் சேரும். அதனால் காற்று கெட்டால் முதலில் சாகிறவர்கள் பட்டியலில் அது இருக்கும். எங்கள் பக்கத்தில் இதை மரத்துத் தேமல் என்பார்கள். மரத்துக்கு வந்த தோல் வியாதி என்று நினைத்து, சுரண்டிவிட்டுச் சுண்ணாம்பு அடிக்கிறவர்களும் உண்டு. இந்த நினைப்பை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். நான் சொல்லப்போவது அதனால் வந்த வினைதான்.

தாவரவியல் படித்துவிட்டு, தஞ்சாவூரில் காற்றுத் தர ஆய்வுப் பிரிவு ஒன்றில் கள உதவியாளராகச் சேர்ந்தேன். முதல் சில வருடங்கள் அரிசி ஆலைப் புகை, செங்கல் சூளை, வேளாங்கண்ணிச் சாலையோரத் தென்னை, தரங்கம்பாடி உப்புக்காற்று என்று ஓடிப்போயின. கற்றுக்கொண்டதெல்லாம் எங்கள் பிரிவின் தலைவர் தாமோதரன் சாரிடம்.

சார் ஒல்லியான மனிதர். முழுக்கைச் சட்டை, தோளில் ஜோல்னாப் பை, கழுத்தில் கறுப்புக் கயிற்றில் தொங்கும் ஒரு பூதக்கண்ணாடி. யாரையும் ஒருமையில் பேச மாட்டார். தெருநாயைக்கூட, "கொஞ்சம் தள்ளிக்கிறீங்களா" என்பார். மரத்தடிக்குப் போனால் பேச்சு கூடாது. நான்கு பக்கமும் சுற்றிவந்த பிறகுதான் வாயைத் திறக்கலாம். மதியச் சாப்பாட்டுக்கு இடம் பிடிப்பதிலும் ஒரு முறை வைத்திருந்தார். லைக்கன் நன்றாகப் படர்ந்த மரமாகத் தேடிப் பிடித்து, அதில் முதுகைச் சாய்த்துக்கொண்டுதான் தயிர்சாத டப்பாவைத் திறப்பார். அப்படி ஒரு மரம் கிடைக்காத ஊரென்றால் பசியோடு அடுத்த ஊருக்குப் போக வேண்டியதுதான். நானும் டிரைவரும் அவர் காதுபடாமல் அதைக் கேலி செய்து சிரிப்போம்.

வேலை இப்படி. சின்னச் சின்னக் கட்டங்கள் போட்ட கம்பிச் சட்டத்தை மார்பு உயரத்தில் மரத்தோடு வைத்துக் கட்டுவோம். எந்த வகை எத்தனை கட்டத்தில் இருக்கிறது என்று நான்கு திசையிலும் பார்ப்போம். அடுத்தது தண்ணீர். இஸ்திரி போடுகிறவர்கள் வைத்திருக்கும் தெளிக்கிற பாட்டில்தான் எங்கள் கருவி. "தண்ணி கொடுத்துட்டு நில்லுங்க" என்பார் சார். நின்றால், காய்ந்த தோல் மாதிரிச் சாம்பலாகக் கிடந்தது கண்ணெதிரே மெல்லப் பச்சையாகும். உள்ளே உறங்கும் பாசி விழிக்கிறது என்பது எனக்குத் தெரிந்த விஷயம்தான். இருந்தாலும் ஒவ்வொரு முறையும் முதுகு சிலிர்க்கும். மரம் நம்மைக் கண் திறந்து பார்ப்பது போல இருக்கும். பச்சை வந்தால் உயிர் இருக்கிறது. வராவிட்டால் இல்லை.

கடைசியில் கறுப்புத் துணி. பட்டப்பகலில் மரத்தையும் நம் தலையையும் சேர்த்து அந்தத் துணியால் மூடிக்கொண்டு, உள்ளே புற ஊதா விளக்கைப் போட்டால் சில வகைகள் மஞ்சளாகவும் ஆரஞ்சாகவும் ஒளிரும். வெளியே வெயில் கொளுத்தும். உள்ளே இருட்டில் பட்டை முழுக்கச் சின்னச் சின்ன வெளிச்சங்கள். முதல் தடவை பார்த்தபோது பயந்து வெளியே வந்துவிட்டேன். அதைவிடப் பயமாக ஒன்றை அந்தத் துணிக்குள் பார்க்கப் போகிறேன் என்று அப்போது தெரியாது.

அது ஓர் ஆடி மாதம். திருவிடைமருதூரில் ஒரு கடையில் டீ குடித்துக்கொண்டிருந்தோம். கடைக்காரர் சாருடைய கண்ணாடியைப் பார்த்துவிட்டு, "சாருக்கு மூலிகை ஆராய்ச்சியா?" என்று பேச்சுக் கொடுத்தார். சார் லைக்கன் பற்றிச் சொன்னதும் அவர் முகம் மலர்ந்தது.

"தேமலா? தேமலுக்குன்னே ஒரு மரம் இருக்கு சார், இங்கேருந்து கிட்டதான். கெழட்டு இலுப்பை, மேலெல்லாம் தேமலா இருக்கும். இப்ப ஒரு பொட்டு கெடையாது. அம்மா தன் மரத்துத் தேமலைத் தானே போக்கிக்கிட்டா. சனங்க புள்ளைங்களக் கொண்டாந்து படுக்கப் போடுறாங்க. ஆடி வெள்ளின்னா கூட்டம் தாங்காது."

சார் டீயைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தார். அன்றைக்கு வெள்ளிக்கிழமை.

ஊரின் பெயர் வேண்டாம். அரசலாற்றுப் பாசனத்தில் ஒரு சின்ன ஊர். குறுவை நட்டு வயல்கள் பச்சையாகக் கிடந்தன. இலுப்பை ஊரின் மேற்குக் கோடியில் தனியாக நின்றது. அதன் சுத்தம்தான் முதலில் கண்ணில் பட்டது. அத்தனை வயதான மரத்தின் பட்டையில் ஒரு புள்ளி இல்லை. குளித்துத் துவட்டிய உடம்பு மாதிரி இருந்தது. கிளையெல்லாம் வேண்டுதலுக்குக் கட்டிய மஞ்சள் துணித் தொட்டில்கள். அடியில் இடுப்பளவு அம்மன் சிலை. வெள்ளிக் கண்மலர் சாத்தியிருந்தார்கள். அந்த இரண்டு கண்ணும் கரியாகக் கறுத்திருந்தன. மரத்தைச் சுற்றிப் பாயும் துண்டும் விரித்துக் குழந்தைகளைப் படுக்கப் போட்டிருந்தார்கள். இத்தனை குழந்தைகள் கூடிய இடத்தில் இருக்க வேண்டிய சத்தம் அங்கே இல்லை. ஒன்றும் ஓடவில்லை, ஒன்றும் அழவில்லை. கிளைகளைப் பார்த்துக்கொண்டு அப்படியே கிடந்தன. ஆடிக் காற்று மட்டும் மேற்கிலிருந்து அடித்துக்கொண்டிருந்தது.

பூசாரியிடம் கண்மலரைப் பற்றிக் கேட்டேன்.

"வாரா வாரம் வெளக்கித்தாம்மா சாத்துறேன். அடுத்த வெள்ளிக்குள்ள கறுத்துடும். புள்ளைங்க நோவை அவ வாங்கிக்கிறாள்ல?" என்றார். பொய் சொல்லுகிற மனிதராகத் தெரியவில்லை.

சார் நான்கு பக்கமும் சுற்றினார். தண்ணீர் தெளித்து நின்றார். பட்டை ஈரமானதே தவிர வேறொன்றும் நடக்கவில்லை. பிறகு துணியை என்னிடம் நீட்டி, "நீங்க பாருங்க" என்றார். தலையை நுழைத்து விளக்கைப் போட்டேன். ஒன்றும் இல்லை. எந்த ஊர் மரத்திலும் எங்கேயாவது ஓரத்தில் ஒரு பொட்டாவது மின்னும். இங்கே வெறும் இருட்டு. அந்த இருட்டில் யாரோ மூச்சு விடுகிற சத்தம் என் இடுப்புக்குப் பக்கத்தில் கேட்டது.

துணியைத் தூக்கினேன். நாலு வயசுப் பெண் ஒருத்தி என் பக்கத்தில் நின்று பட்டையையே பார்த்துக்கொண்டிருந்தாள். கன்னத்தில் வெளிறிய தேமல். நாக்கை நீட்டி உதட்டைத் தடவிக்கொண்டு, "இனிக்குது" என்றாள்.

அவள் அம்மா ஓடிவந்து தூக்கிக்கொண்டாள். பெயர் செல்வி, நடவு வேலைக்குப் போகிறவள். குழந்தை கயல்.

"அம்மன் வந்தா வாயெல்லாம் தித்திக்கும் மேடம். இங்க படுக்கிற எல்லாப் புள்ளைங்களும் சொல்லும்."

"பாப்பாவுக்கு வயித்து வலி உண்டாங்க?" என்று சார் கேட்டார்.

"எப்படிக் கண்டுபிடிச்சீங்க? தேமலுக்குத்தான் சார் கொண்டாந்தேன். நடுவுல வயித்து வலியும் சேந்துக்கிச்சு. முன்னெல்லாம் வாய் ஓயாமப் பேசுவா, பாட்டெல்லாம் பாடுவா. இப்ப ஒண்ணு ரெண்டு வார்த்தைதான் வருது. இன்னும் கொஞ்ச வெள்ளி படுக்கப் போட்டாச் சரியாயிடும்னு பூசாரி சொல்றாரு. அதான் வெள்ளி மட்டுமில்ல, ஒழிஞ்சப்பல்லாம் கொண்டாறேன்."

சார் அங்கே சாப்பாட்டு டப்பாவைத் திறக்கவில்லை. மரத்துக்கு மேற்கே, மூங்கில் புதருக்கு அப்பால், எப்போதோ மூடிய செங்கல் சூளை ஒன்று இருந்தது. சுற்றிலும் தகரம் அடைத்துப் பூட்டுப் போட்டிருந்தார்கள். பழைய சாமான் குடோன் என்றார்கள். வெளியூர்க்காரர் ஒருவர் எடுத்திருக்கிறார், ஆடிக் கஞ்சிக்கு அரிசி அவர் உபயம். பின்பக்க வாய்க்காலில் உடைத்துப் போட்ட பேட்டரிக் கூடுகள் கறுப்புக் கறுப்பாகக் கிடந்தன.

"பழைய பேட்டரியை உடைச்சு ராத்திரில ஈயம் உருக்குறாங்கன்னு நெனைக்கிறேன்" என்றார் சார். "அந்தப் புகைதான் லைக்கனைக் கொன்னுருக்கு, வெள்ளியைக் கறுக்க வைக்குது. ஈயம் வாயில இனிக்கும்."

நோய் தீரட்டும் என்று கொண்டுவந்து படுக்கப் போடுகிற இடம்தான் அந்த ஊரிலேயே நஞ்சு வந்து விழுகிற இடம். திரும்பிப் போய்ப் பூசாரியிடமும் அங்கிருந்த பெரியவர்களிடமும் சொன்னோம். முகங்கள் மாறின. "அம்மா சக்தியை வெசம்ங்கிறீங்களா?" என்று ஒருவர் எழுந்தே விட்டார். கஞ்சி குடித்துக்கொண்டிருந்தவர்கள் குவளையைக் கீழே வைத்தார்கள். செல்வி மட்டும் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு எங்களையும் அம்மனையும் மாறி மாறிப் பார்த்தாள்.

மேலிடத்துக்கு எழுதினார் சார். மண்ணும் பட்டையும் பரிசோதனைக்கு அனுப்பினோம். முடிவு வராமல் பூட்டிய இடத்துக்குள் நுழைய முடியாது என்றார்கள். காற்று இப்போதும் கெட்டிருக்கிறதா என்று காட்ட எங்களிடம் ஒரு வழி இருந்தது. நல்ல காற்றில் வளர்ந்த லைக்கனைக் குச்சியோடு வெட்டிவந்து, சந்தேகப்படும் இடத்தில் தொங்கவிட்டுப் பார்ப்பது. அடுத்த முறை போனபோது அதைச் செல்வியிடம் சொன்னேன். அவள் வீடு ஊரின் கிழக்குக் கோடி, சூளையிலிருந்து நல்ல தூரம்.

"எங்க வீட்டு மாமரத்துல மண்டிக் கெடக்கு மேடம். அதையே வெட்டிக்கங்க. ஆனா நான்தான் கட்டுவேன்" என்றாள்.

வலைத் துணியில் பொதிந்த குச்சியை, தொட்டில்களுக்கு நடுவில் அவளே கட்டினாள். கட்டிவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். அப்போதே எனக்கு ஏதோ உறுத்தியது.

சில வாரம் கழித்துப் போய் அவிழ்த்தோம். வெளிர்பச்சை வட்டங்கள் வெள்ளையாகி, விரல் பட்டதும் பொருக்குப் பொருக்காக உதிர்ந்தன. அடியில் சுத்தமான பட்டை. நான் வாயைத் திறப்பதற்குள் செல்வி, "தேமல் போயிடுச்சு! குச்சிக்குக்கூடப் போயிடுச்சு!" என்று கத்தினாள். யாரோ குலவை போட்டார்கள். கூட்டம் மொத்தமும் குலவையிட்டது. "அது குணமாகலை, செத்துப்போச்சு" என்று நான் கத்தியது எனக்கே கேட்கவில்லை. பூசாரி கண்கலங்கி என் நெற்றியில் மஞ்சள் பூசினார். "நீங்களே கட்டிப் பாத்துட்டீங்க, இனிமே என்னம்மா சந்தேகம்?" என்றார்.

அடுத்த வெள்ளிக்கிழமை நான் அங்கே கண்டதை நினைத்தால் இன்றைக்கும் சோறு இறங்காது. மரம் முழுக்கக் குச்சிகள். வேம்பு, மா, பலா, பூவரசு என்று அவரவர் வீட்டு மரத்திலிருந்து தேமல் பிடித்த குச்சியாக ஒடித்துவந்து கட்டியிருந்தார்கள். காற்றில் அவை ஒன்றோடொன்று தட்டிக் கடகடவென்று சத்தமிட்டன. கீழே கால் வைக்க இடமில்லாமல் குழந்தைகள். போன வாரத்தைப் போல இரண்டு மடங்கு இருக்கும். எல்லாம் மேலே பார்த்தபடி மல்லாந்து கிடந்தன. கயலும் கிடந்தாள். அவள் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டேன். கண் என் பக்கம் வரவில்லை.

நான் அழுதுவிட்டேன். கோபத்தில் வந்த அழுகை. கட்டினதையெல்லாம் அறுத்து எறியலாம் என்று எட்டியபோது சார் என் கையைப் பிடித்தார். அதுவரை அவர் என்னைத் தொட்டதே இல்லை.

"அவங்களே பாக்கட்டும்ங்க" என்றார்.

செல்வியிடம் போய், வீட்டு மாமரத்திலிருந்து புதிதாக ஒரு குச்சி ஒடித்துவரச் சொன்னார். அவள் கொண்டுவந்தாள். அதில் சாம்பல் வட்டங்கள் இருந்தன. மரத்தில் கட்டியிருந்த குச்சிகளில், இன்னும் உதிராமல் வட்டங்கள் ஒட்டியிருந்த ஒன்றை அவளையே தேர்ந்தெடுத்து அவிழ்க்கச் சொன்னார். இரண்டையும் அம்மன் முன்னால் வைத்து, பாட்டிலை அவள் கையில் கொடுத்தார்.

"ரெண்டுக்கும் தண்ணி கொடுத்துட்டு நில்லுங்க."

தெளித்தாள். பக்கத்தில் இருந்த பெண்கள் எட்டிப் பார்த்தார்கள். பூசாரியும் வந்து நின்றார். வீட்டுக் குச்சியில் சாம்பலுக்குள்ளிருந்து பச்சை மெல்ல எழுந்துவந்தது. தளிர்ப் பச்சை. "ஆத்தாடி" என்று யாரோ சொன்னார்கள். மற்ற குச்சி நனைந்துகொண்டே இருந்தது. செல்வி மறுபடி தெளித்தாள். மறுபடியும். தண்ணீர் சொட்டியது. பச்சை வரவில்லை.

"இது செத்துப்போச்சா சார்?"

"ஆமாங்க. தேமல் போகலை. உயிர் போயிருக்கு. அது நோய் இல்லைங்க, நல்ல காத்துல மட்டும் இருக்கிற உசுரு."

செல்வி பாட்டிலைக் கையில் பிடித்தபடி திரும்பி, பாயில் கிடந்த மகளைப் பார்த்தாள். "எம்புள்ளைக்குப் பச்சை வருமா சார்?"

எத்தனையோ வருடம் எங்களை நில்லுங்க, பொறுங்க என்று சொல்லியே வளர்த்த மனிதர், "நிக்காதீங்க. இப்பவே தூக்குங்க" என்றார்.

அவள் தூக்கிக்கொண்டு எங்கள் ஜீப்பை நோக்கி ஓடினாள். அவளைப் பார்த்து இன்னொருத்தி பாயைச் சுருட்டினாள். பிறகு இன்னொருத்தி. பூசாரி ஒரு குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு தாயின் பின்னால் நடந்தார். நாங்கள் கிளம்பும்போது மரத்தடி வெறிச்சோடி இருந்தது. குச்சிகள் மட்டும் தட்டிக்கொண்டிருந்தன. அம்மனின் கறுத்த கண்கள் மேற்கே அந்தத் தகர அடைப்பைப் பார்த்தபடி இருந்தன. எப்போதுமே அவள் அந்தப் பக்கம்தான் பார்த்திருந்தாள் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் கயலின் இரத்தத்தில் ஈயம் இருந்தது. வேறு பல குழந்தைகளுக்கும் இருந்தது. அதன் பிறகு பூட்டை உடைக்கத் தாமதமாகவில்லை. உள்ளே உலையும் சாம்பலும் இருந்தன, ஆள் இல்லை. சூளையை இடித்து, மேல்மண்ணை அள்ளிக்கொண்டு போனார்கள். வெள்ளிக் கண் கறுப்பது நின்றது. கறுக்காததால் அம்மன் போய்விட்டாள் என்று ஊர் முடிவு செய்துகொண்டது. கூட்டமும் நின்றுபோயிற்று. கயல் வைத்தியத்தில் தேறினாள். பழையபடி ஆனாளா என்றால் இல்லை. பேச்சு வெகுகாலம் வரவில்லை. வந்தபோது வார்த்தை வார்த்தையாக வந்தது. கணக்கு கடைசிவரை ஏறவில்லை. இப்போது ஒரு தையல் கடையில் காஜா எடுக்கிறாள், வெகு சுத்தமாக எடுக்கிறாள் என்று செல்வி போனில் சொல்வாள். தாமோதரன் சார் இறந்து சில வருடம் ஆகிறது. கடைசியாகப் பார்த்தபோதும் அந்தக் குழந்தை எப்படி இருக்கிறது என்றுதான் கேட்டார்.

விழாவில் வந்த கோபம் ஆறாததால் போன வெள்ளிக்கிழமை அந்த ஊருக்குப் பஸ் ஏறினேன். இலுப்பை அப்படியே நின்றது. பட்டையில் தேமல் திரும்பியிருந்தது. வடக்கிலும் கிழக்கிலும் தெற்கிலும் சாம்பலும் பச்சையுமாக வட்டங்கள். மேற்குப் பக்கம் மட்டும் அடியிலிருந்து கிளை பிரியும் இடம் வரை மொட்டையாக, அன்றைக்குப் பார்த்த அதே சுத்தத்தோடு இருந்தது. கை வைக்கப் போனேன். ஏனோ வைக்கவில்லை.

கயல் அந்தப் பக்கம்தான் நின்றுகொண்டிருந்தாள், கையில் ஒரு செம்போடு. பட்டையில் தண்ணீர் வழிந்துகொண்டிருந்தது. நான் வந்ததைக்கூடக் கவனிக்காமல் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வாரா வாரம் வந்து ஊத்திட்டு இப்படித்தான் நிக்கிறா மேடம்" என்றாள் பின்னால் நின்ற செல்வி. முடி முழுக்க நரைத்திருந்தது. "மத்த பக்கம் ஊத்தினா உடனே பச்சை வருது. இவ அதைத் திரும்பிக்கூடப் பாக்க மாட்டா. அது வராதுடி, கெளம்பு. மேடம் வந்திருக்காங்க பாரு."

கயல் திரும்பவில்லை. வார்த்தைகளை ஒவ்வொன்றாகத் தேடி எடுத்துக் கோத்தாள்.

"வரும்மா. லேட்டாகும். நான் வரலையா?"